ஜனாதிபதி நோனா பிடித்துக்கொடுத்த சேலை

நாட்டுத் தலைவரின் மனைவி எங்கள் பிள்ளைக் காம்பராவுக்கு வரப்போகிறார் என்று கேள்விப்பட்ட அன்று எனக்குச் சோறு இறங்கவில்லை. மற்றப் பெண்கள் எல்லாம் என்ன சேலை கட்டுவது என்று பேசிக்கொண்டிருந்தார்கள். நான் கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அந்த அம்மா நிற்கிற நேரம் பார்த்து ஏதாவது கழன்று தலையில் விழுந்துவிட்டால் என்ன செய்வது என்று.

என் குணம் அப்படி. ஏழாம் ஆண்டோடு பள்ளிக்கூடத்தை விட்டவள் நான். தம்பி தங்கைகளைப் பார்த்துக்கொள்ள வீட்டில் இருக்கச் சொன்னார்கள். பிள்ளை பார்க்கும் வேலை அன்றைக்குத் தொடங்கியதுதான், இன்னும் முடியவில்லை. யட்டியாந்தோட்டைப் பக்கம் எங்கள் தோட்டத்தில் தேயிலையும் இருக்கிறது, இறப்பரும் இருக்கிறது. இருட்டோடு இறப்பர்ப் பால் வெட்டப் போகும் பெண்களும், பிறகு கொழுந்து எடுக்கப் போகும் பெண்களும் கைப்பிள்ளைகளை என்னிடம் விட்டுவிட்டுத்தான் மலைக்கு ஏறுவார்கள். அதற்குத்தான் பிள்ளைக் காம்பரா. அங்கே நான் ஆயா.

இன்னொரு பட்டமும் எனக்கு உண்டு. என் வீட்டுக்காரர் தோட்டத்தில் தொழிற்சங்கத் தலைவர். அதனால் நான் தலைவரம்மா. அந்தப் பட்டத்துக்குச் சம்பளம் கிடையாது. ஆனால் பீலியில் தண்ணீர் வரவில்லை என்றாலும், லயத்து வீட்டுக் கூரை ஒழுகுகிறது என்றாலும் ஆட்கள் முதலில் என் அடுப்படிக்குத்தான் வருவார்கள். "அண்ணன்கிட்ட நீங்க ஒரு வார்த்த சொல்லுங்க தலைவரம்மா" என்பார்கள். சொன்னால் அவர், "இதெல்லாம் ஒனக்கு எதுக்கு" என்பார். சொல்லாவிட்டால் வந்தவர்கள் முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்வார்கள். திருவிழாவுக்கு நல்ல சேலை கட்டினால் அது எங்கிருந்து வந்தது என்று பேச்சு. பழையதைக் கட்டினால் தலைவர் மானத்தை வாங்குகிறாள் என்று பேச்சு. ஆகவே வரப்போகிற அந்த அம்மாவை நினைத்தபோது பயத்தோடு கொஞ்சம் இரக்கமும் வந்தது. எனக்கு ஒரு தோட்டம். அவருக்கு ஒரு நாடு.

காம்பராவுக்குப் புதுப் பெயின்ட் அடித்திருந்தார்கள். கொழும்பிலிருந்து சின்னச் சின்ன மரக்கட்டில்கள் வந்து இறங்கின. அதையெல்லாம் திறந்து வைக்கத்தான் ஜனாதிபதி நோனா வருகிறார். பெரிய இடத்து அம்மாவைச் சிங்களத்தில் நோனா என்பார்கள். முதல் நாள் தோட்டத்து ஆட்களின் நலம் பார்க்கிற வெல்பெயார் ஐயா வந்து அண்ணாந்து பார்த்தார். கூரை வளையிலிருந்த இரும்புக் கொக்கிகளில் சேலைத் தொட்டில்கள் தொங்கிக்கொண்டிருந்தன.

"இதெல்லாம் அவுத்துருங்க ஆயம்மா. போட்டோவுல நல்லா இருக்காது."

"புள்ளைங்க கட்டில்ல தூங்காதுங்கய்யா."

"பழகிக்கும். நோனா போனப்பொறகும் கட்டக் கூடாது. தொர கண்டிப்பா சொல்லிட்டாரு."

எங்களிடம் ஒரு வழக்கம் உண்டு. தொட்டிலுக்குப் புதுச் சேலை கட்ட மாட்டோம். அந்தந்தப் பிள்ளைக்கு அதனதன் தாய் மலையில் உடுத்திய பழைய சேலைதான். இறப்பர் பால் வெட்டுகிறவளின் சேலையில் எவ்வளவு துவைத்தாலும் ஒரு புளித்த வாடை போகாது. வெளியாட்கள் மூக்கைப் பிடிப்பார்கள். பிள்ளைக்கு அது அம்மா. அதில் சுருண்டு படுத்தால்தான் தூங்கும்.

தொட்டில்களை அவிழ்ப்பதைப் பார்த்துவிட்டு ஒரு பெண் வாசலிலேயே நின்றாள். தலைப்பிள்ளைக்காரி, வேலைக்குத் திரும்பி வந்து கொஞ்ச நாள்தான். "எம்புள்ள கட்டில்ல கெடந்து கத்துனா நான் மலையில எப்புடிங்க நிப்பேன்? நான் வேலைய விட்டு நின்னுர்றேன் தலைவரம்மா. வீட்டுலயே புள்ளையப் பாத்துக்கிறேன்" என்றாள். அவள் வேலையை விட்டால் அந்த வீட்டில் அடுப்பு எரியாது. அது எனக்குத் தெரியும், அவளுக்கும் தெரியும்.

அன்று பொழுது சாய வீட்டுக்காரரிடம் சொன்னேன், தோட்டத்து மனேஜர் துரையிடம் பேசும்படி.

"ஜனாதிபதி சம்சாரம் வர்ற நேரத்துல தொட்டிச் சேலைக்கா நான் சண்ட புடிக்கிறது? அவங்க போகட்டும்."

"போனப்பொறகு யாருங்க கேப்பா?"

"அப்ப நீயே கேளு. அவங்களும் தலைவர் சம்சாரம், நீயும் தலைவர் சம்சாரம்." சொல்லிவிட்டுச் சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

மறுநாள் நோனா சொன்ன நேரத்துக்கு வரவில்லை. வரும்போது பிள்ளைகளின் தூக்க நேரம். கட்டிலுக்கு ஒன்றாகப் போட்டிருந்தோம், எல்லாம் ஒரே சுதியில் அழுதுகொண்டிருந்தன. நான் அந்த அம்மாவின் காலைத்தான் முதலில் பார்த்தேன். செருப்பு வாருக்கு மேலே கால் வீங்கியிருந்தது. அன்றைக்கு எத்தனை இடத்தில் நின்றுவிட்டு வந்தாரோ. முகத்தில் மட்டும் சிரிப்பு குறையவில்லை. பின்னால் ஒருவர் நின்று, இவர் இன்னார் என்று காதில் சொல்லிக்கொண்டேயிருந்தார். ரிப்பன் வெட்டிய கத்தரிக்கோலைத் திருப்பிக் கொடுக்கும்போது கூர்ப்பக்கத்தைத் தன் கையில் வைத்துக்கொண்டு பிடியை நீட்டினார். அதைப் பார்த்ததும் எனக்குள் ஏதோ இளகியது. பிறகு எங்கள் பெண்களைப் பார்த்து, "வணக்கம், நீங்கள் எல்லோரும் நலமாக இருக்கிறீர்களா" என்று தமிழில் கேட்டார். அதற்கு முன் அவர் உதடு மெல்ல அசைந்ததை நான் கண்டேன், படித்து வைத்ததைச் சொல்லிப் பார்க்கிற மாதிரி. எனக்கும் கூட்டத்தில் பேசச் சொன்னால் அப்படித்தான்.

உள்ளே வந்தார். அழுகிற பிள்ளைகளைப் பார்த்தார். அப்புறம் மேலே பார்த்தார்.

"நங்கி, அந்தக் கொக்கி எல்லாம் எதுக்கு?" என்று சிங்களத்தில் என்னைத்தான் கேட்டார், தங்கச்சி என்று கூப்பிட்டு.

வெல்பெயார் ஐயா முந்திக்கொண்டார். "பழைய லைட் மாட்டினது, மேடம்."

நோனா என் முகத்திலிருந்து கண்ணை எடுக்கவில்லை. சிங்களம் எனக்குத் தண்ணீர் பட்ட பாடு. ஆனால் வேலை போய்விடும், வீட்டுக்காரருக்குத் தலைவர் பதவி போய்விடும், வாசலில் நிற்கிற பொலிஸ் பிடித்துக்கொண்டு போகும் என்று என்னென்னவோ ஓடியது. அந்தத் தலைப்பிள்ளைக்காரியின் பிள்ளை கத்திக் கத்தி முகம் கறுத்துப்போயிருந்தது.

"தொட்டி கட்டுற கொக்கிங்க நோனா. நீங்க வர்றீங்கன்னு அவுத்துட்டோம்" என்றேன் சிங்களத்தில்.

"நான் வந்துட்டேனே. இனிக் கட்டலாம்தானே?"

"நீங்க போனப்பொறகும் கட்டக் கூடாதுன்னு சொல்லியிருக்காங்க."

"யாரு?"

நான் தரையைப் பார்த்தேன். அவர் இரண்டாம் முறை கேட்கவில்லை. அதுதான் அந்த அம்மாவின் பெரிய குணம் என்று இன்றைக்கும் நினைக்கிறேன். "சேலை எங்க?" என்று மட்டும் கேட்டார்.

அலுமாரியிலிருந்து அந்தத் தலைப்பிள்ளைக்காரியின் சேலையை எடுத்துவந்தேன். ஒரு நுனியைப் பிடித்துக்கொண்டவர் சற்று முகர்ந்தார். "என்ன வாசம்?"

"றப்பர் பால் நோனா. அது அம்மா உடுத்துனது."

அவர் கழுத்தில் போட்டிருந்த மாலை குறுக்கே வந்தது. அதைக் கழற்றிக் காதில் சொல்கிறவர் கையில் கொடுத்துவிட்டு, நான் முடிச்சுப் போடும்வரை சேலையை இறுக்கிப் பிடித்துக்கொண்டு நின்றார். கமராக்காரர்கள் கட்டில் பக்கத்தை விட்டு ஓடிவந்தார்கள். அவள் பிள்ளையைப் போட்டு ஆட்டினேன். விம்மி விம்மி அடங்கியது. மற்றதுகள் விடாமல் கத்திக்கொண்டுதான் இருந்தன. "அதுகளுக்கும் கட்டுங்க" என்றார் நோனா. கூட வந்திருந்த துரை உடனே, "யெஸ் மேடம், யெஸ் மேடம்" என்றார்.

போகும்போது என் கையைப் பிடித்து, வீட்டுக்காரர் என்ன வேலை என்று கேட்டார். தோட்டத் தலைவர் என்றேன்.

"அப்ப உங்க வீட்டு வாசல்லயும் ஆள் நிக்கும்தானே?"

"நிக்கும் நோனா."

அதுவரை சிரித்தது வேறு, அப்போது சிரித்தது வேறு.

சிங்களப் பத்திரிகையில் படம் வந்தது. நோனா சேலையைப் பிடித்துக்கொண்டு நிற்கிறார். என் முகம் இல்லை, முடிச்சுப் போடுகிற கை இரண்டும் மட்டும் இருக்கிறது. துரை அதைச் சட்டம் போட்டு ஒபீசில் மாட்டினார். மாட்டிய பிறகு தொட்டிலை எப்படி அவிழ்க்கச் சொல்வது? கட்டில்களில் இப்போது பிள்ளைகளின் உடுப்பை மடித்து வைக்கிறோம். அந்தத் தலைப்பிள்ளைக்காரி வேலைக்கு வந்துகொண்டுதான் இருக்கிறாள். வீட்டுக்காரர் படத்தை வெட்டி பர்சில் வைத்துக்கொண்டு, யட்டியாந்தோட்டைக் கடைகளில் எல்லாம் காட்டுகிறார். "இந்தக் கை நம்ம வீட்டுக் கை" என்கிறாராம். என்னிடம் ஒருநாளும் சொன்னதில்லை, கடைக்காரர்தான் சொன்னார். அன்றைக்குப் பூராவும் நான் தரையில் நடக்கவில்லை.

ஆனால் படத்தில் என் முடிச்சு கொஞ்சம் கோணலாகத் தெரிந்தது. மனது கேட்கவில்லை. மறுநாள் பெண்கள் வருமுன்னே போய், நோனா பிடித்துக்கொடுத்த அந்தச் சேலையில் என் முழுப் பாரத்தையும் போட்டுத் தொங்கிப் பார்த்தேன். முடிச்சு அசையவில்லை.