வலது கையில் பதினோரு வினாடி

பிறந்தது 1968 ஜூன் 9. மூக்குக்கண்ணாடிக் கடையில் கண்ணாடி தேய்க்கும் வேலைக்குச் சேர்ந்தது 1987. சனிக்கிழமை மாலைகளில் ஓர் உணவகத்தில் மேசை மேசையாகப் போய் நாணய வித்தை காட்டத் தொடங்கியது 1993. திருமணமும் அதே ஆண்டு. நாணயம் மறைந்ததும் அவர் சொல்லும் ஒரே சொல்லைக் கடையில் பட்டப்பெயராக்கிவிட்டதால், தெருவில் அவர் 'காணோம்'. தபால்காரரும் அப்படித்தான் கூப்பிடுவார்.

வித்தை எளிது. வலது உள்ளங்கையில் இருக்கும் நாணயத்தை இடது கை எடுத்து மூடிக்கொண்டு நகர்வது போலத் தோன்றும். நாணயம் வலது கையிலேயே தங்கிவிடும். மொத்தம் ஒன்றரை வினாடி.

அந்த ஒன்றரை வினாடியை ஒரு நிமிடமாக நீட்டிக் கண்காட்சிச் சுவரில் ஓடவிட ஒரு பெண் காணொளிக் கலைஞர் விரும்பினார். 2019 பிப்ரவரி 12, செவ்வாய், கடை விடுமுறை நாள். கலைஞரின் பணிக்கூடத்தில் கறுப்புத் துணி விரித்த மேசை, இரண்டு விளக்குகள், கைகளை மட்டும் பார்க்கும் கேமரா. பிடிக்காத பதிவை அழிக்கச் சொல்லும் உரிமை காணோமுக்கு உண்டு என்று ஒப்பந்தத்தில் இருந்தது. அவருக்கு அது தேவைப்பட்டது. ரகசியம் வெளியே போனால் சனிக்கிழமை வர வேண்டாம் என்று உணவக முதலாளி முன்பே சொல்லியிருந்தார்.

முப்பத்தேழு முறை எடுத்தார்கள். ஒவ்வொன்றிலும் வலது கட்டைவிரலுக்குக் கீழே நாணயத்தின் விளிம்பு தெரிந்தது. திரையில் பதினோரு வினாடி. தம் வித்தையை எதிர்ப்பக்கத்திலிருந்து அவர் பார்த்தது அன்றுதான். விரலை இறுக்கினார், கையைச் சாய்த்தார், விளிம்பு போகவில்லை. கூட வந்திருந்த மனைவியைக் கேமராவுக்குப் பக்கத்தில் உட்காரவைத்து ஒருமுறை செய்தார். மனைவி இடது கையையே பார்த்தார். கேமரா இரண்டு கைகளையும் பார்த்தது.

"பாக்கறவங்க என் கண்ணு போற பக்கம் போவாங்க, மேடம். இதுல என் மூஞ்சியே இல்லையே."

"அப்ப மூஞ்சியையும் சேத்து எடுப்போம், சார். ஆனா வெளிம்பு தெரியத்தான் செய்யும். அதை நான் மறைக்க மாட்டேன்."

காணோம் மனைவி பக்கம் திரும்பினார். எல்லாவற்றையும் அழித்துவிட்டுப் போய்விடலாமா என்று மெதுவாகக் கேட்டார்.

"இத்தனை வருஷமா பக்கத்துலயே இருந்து நானே ஏமாந்துக்கிட்டிருக்கேன். வர்றவங்க மட்டும் என்ன, கண்ணுல வெளக்கெண்ணெய விட்டுக்கிட்டா வரப்போறாங்க?"

முப்பத்தெட்டாவது முறை முகமும் சட்டகத்துக்குள் இருந்தது. அந்தப் பதிவுக்கு அவர் கையெழுத்திட்டார். இடது கை திறப்பதற்கு முன்பே படம் நின்றுவிடும். திரைக்கு அருகில் ஒரு குறிப்பேடு. நாணயம் எந்தக் கையில் என்று பார்வையாளர்கள் எழுத வேண்டும். சனிக்கிழமைகளைப் பற்றி அந்தக் குறிப்பேட்டைப் பார்த்த பிறகு முடிவு செய்வதாக உணவக முதலாளி சொல்லி அனுப்பினார்.

கண்காட்சி பத்தொன்பது நாட்கள் நடந்தது. எழுதியவர்கள் 1,146 பேர். வலது கை என்று எழுதியவர்கள் 43.