தண்ணியில கெடந்தவர்

ஜினபாலன் நயினாரைக் கெட்டவர் என்று சொன்னால் நாக்கு அழுகிப் போகும். சமண முறைப்படி பொழுது சாய்வதற்குள் சாப்பிட்டு முடிக்கிறவர், எறும்பு ஊர்ந்தால்கூட ஒதுங்கி நடக்கிறவர். அப்பேர்ப்பட்ட மனுஷன்தான் எண்பத்தஞ்சு வெள்ளத்தப்போ ஒரே ஒரு நம்பரால் ஒருத்தர் மானத்தை வாங்கினார்.

விழுப்புரத்தில் அருளகம் என்று ஒரு தர்ம ஆஸ்பத்திரி. அங்கே அவர் ரெக்கார்டு கிளார்க். எந்த எலும்பு முறிந்தது என்று டாக்டர் எழுதுவார். எதனால் முறிந்தது என்று கேட்டு, தடிப் புத்தகத்தைப் பார்த்து நம்பர் போடுவது இவர் வேலை. பாம்பு கடித்தால் ஒரு நம்பர், மாடு முட்டினால் ஒரு நம்பர், வெள்ளத்துக்கு 908. உலகம் பூரா இதே நம்பர்தான் என்று வீட்டில் மனைவி சாந்திமதியிடம் பீற்றிக்கொள்வார். அந்த அம்மாளும் பாவம், ஒவ்வொரு தடவையும் புதுசாகக் கேட்கிற மாதிரி கேட்பாள்.

ஏரி உடைந்த மறுநாள் ஆஸ்பத்திரியில் கால் வைக்க இடமில்லை. கெடார் பக்கத்திலிருந்து சவுரிராயன் என்ற கூலிக்காரரைக் கட்டிலில் போட்டுத் தூக்கி வந்தார்கள். முழங்காலுக்குக் கீழே எலும்பு இரண்டாகி, மனுஷன் பேச்சு மூச்சில்லாமல் கிடந்தார்.

"என்னா ஆச்சு?" என்றார் ஜினபாலன், நிமிர்ந்தும் பார்க்காமல்.

"நேத்திலேர்ந்து தண்ணிலயே கெடந்தாருங்க ஐயா. நிக்க முடியாம சாஞ்சிட்டாரு" என்றாள் அவர் பெண்சாதி குப்பம்மாள்.

'ஊரே மூழ்குது, இவனுக்குக் குடி கேக்குதா!' என்று மனசுக்குள் திட்டிக்கொண்டே 305 என்று போட்டார். மதுபோதைக்கு உண்டான நம்பர் அது. போட்டுவிட்டு அடுத்த ஆளைக் கூப்பிட்டார்.

பத்து நாள் கழித்துக் குப்பம்மாள் அவர் மேசைக்கு எதிரே வந்து நின்றாள். கையில் கசங்கிய சீட்டு. திண்டிவனத்தில் இருந்த ஆஸ்பத்திரித் தலைமை ஆபீசில் நம்பரைப் பார்த்து, 'குடிபோதையில் விழுந்து காயம்' என்று டைப் அடித்து அனுப்பியிருந்தார்கள். வெள்ளத்தில் அடிபட்டவர்களுக்குக் கூரை போட்டுத் தருகிறார்களே என்று அதைக் கொண்டுபோனால், தலையாரி ஊர் நடுவே சத்தமாகப் படித்துவிட்டாராம்.

"அவரு கோயில்ல ஜெபம் படிக்கிறவருங்க. கள்ளுன்னா மோந்துகூட பாத்ததில்ல. கழுத்தளவு தண்ணில நின்னுக்கினு ஒம்பது புள்ளைங்கள பள்ளிக்கூடத்து மாடியில ஏத்திவுட்டாரு. கல்லு இடுக்குல கால் மாட்டித்தான் முறிஞ்சிது. கூரை இல்லாட்டி போவுதுங்க. குடிகாரன்னு எழுதனத மட்டும் எடுத்துடுங்க ஐயா."

ஜினபாலனுக்கு உடம்பெல்லாம் கூசிப் போயிற்று. அடப்பாவி, என்ன காரியம் பண்ணினோம்! சாப்பாட்டுக் கூடையைத் திறக்காமலே ரயிலேறித் திண்டிவனம் போனார்.

மேலாளர் விருத்தாசலம் பேரேட்டைத் திறந்துவைத்துக்கொண்டு உதட்டைப் பிதுக்கினார். "கைப்பிசகுன்னு எழுதித் தர்றேன்றீங்க. 908ஐ 905ன்னு எழுதினா கைப்பிசகு. முந்நூத்தஞ்சு எப்படிய்யா வரும்? உள்ளதை எழுதுங்க."

ஜினபாலன் எழுதினார்: 'அவர் மனைவி தண்ணீரில் கிடந்தார் என்றார். நான் சாராயம் என்று எடுத்துக்கொண்டேன். டாக்டர் அப்படி எதுவும் சொல்லவில்லை.' எழுதிக் கையெழுத்தும் போட்டார். நல்லவேளை, புதுச் சீட்டு கைக்கு வந்தது.

திரும்பி வரும்போது ரயிலில் மனசு கொஞ்சம் லேசாயிற்று. அந்த வார்த்தை அப்படி, யார் கேட்டாலும் அப்படித்தான் எடுத்துக்கொள்வார்கள் என்று தன்னைத்தானே தேற்றிக்கொண்டார். வாய்விட்டு மன்னிப்பும் கேட்டுவிட்டால் தீர்ந்தது என்று நேரே வார்டுக்குப் போனார். சுற்றியிருந்த நோயாளிகள் காதிலும் விழும்படி புதுச் சீட்டை உரக்கப் படித்தார். கட்டுப் போட்ட காலோடு சவுரிராயன் கும்பிடப் போனார்.

"கும்பிடாதீங்க. தப்பு என்னுது" என்றார் ஜினபாலன். "அம்மா தண்ணின்னு சொன்னாங்களா, நான் வேற தண்ணின்னு நெனச்சிட்டேன். அந்த வார்த்தையாலதான் வந்த வினை."

குப்பம்மாள் சீட்டை மடித்து முந்தானையில் முடிந்துகொண்டாள். கோபமாகச் சொல்லவில்லை, சந்தேகம் கேட்பது போலத்தான் கேட்டாள்.

"அன்னிக்கு எனக்கு முன்னால ரைஸ்மில்லு மொதலாளி கோதண்டபாணி ஐயா வந்தாரே. நேத்திலேர்ந்து தண்ணிலயே கெடந்தேன்னுதான அவரும் சொன்னாரு? நான் பின்னாலதான் நின்னுக்கினு இருந்தேன். அவருக்கு வெள்ளம்னுதான எழுதனீங்க?"

ஜினபாலனுக்கு எல்லாம் ஞாபகம் வந்தது. அன்றைக்குக் கோதண்டபாணிக்கு எழுந்து தன் நாற்காலியைக் கொடுத்திருந்தார். எவ்வளவு ஆழமுங்க, எப்படிங்க தப்பிச்சீங்க என்று ஒன்றொன்றாகக் கேட்டுக் கேட்டு எழுதினார்.

"என்னையும் ஒரு வார்த்த கேட்டிருக்கலாமே ஐயா" என்றாள் குப்பம்மாள்.