கயிறு கட்டாத கை

ஸ்ரீராம்புரத்துப் பாஞ்சாலிக்கு ஒக்கலிபுரம் ரோட்டைக் கூட்டுகிற வேலை. விடிகாலையில் துடைப்பத்தில் முதலில் சிக்குவது காலி பிராந்தி பாக்கெட்டுகள்தான். யாரோ குடித்துப் போட்டதை வாரிக் கொட்டிவிட்டு வீட்டுக்கு வந்தால், அங்கே புருஷன் பச்சைமுத்து குடித்துவிட்டுக் கிடப்பான். அவள் வாங்கி வந்த வரம் அப்படி.

போன அமாவாசைக்கு அவன் மாரியம்மன் கோயிலில், குடியை விடுவதாகச் சத்தியம் செய்து கையில் கயிறு கட்டிக்கொண்டான். அவளுக்குப் பாதி நம்பிக்கை வந்தது. மீதியும் வரட்டும் என்று மாடி அறையில் குடியிருக்கும் தருணிடம் கேட்டாள். "தம்பி, குடி கெடுதல்னு ஒரு படம் போடேன். தெருவே பாக்கட்டும்." தேர்தலுக்காக மதுக்கடைகள் மூடிக் கிடக்கும் நாளாகப் பார்த்துப் போடச் சொன்னாள். அன்றைக்குத்தானே ஆம்பளைகள் தெளிவாக இருப்பார்கள்.

எலெக்ட்ரானிக் சிட்டியில் வேலை பார்க்கிற அந்தப் புத்திசாலி தெருச் சுவரில் போட்டுக் காட்டியது நூறு வருஷப் பழைய அமெரிக்க ஊமைப்படம். மதுவிலக்கையே கேலி செய்கிற படம். "பேச்சே இல்லக்கா. தமிழோ கன்னடமோ, எல்லாருக்கும் புரியும்" என்றான். நன்றாகவே புரிந்தது. குடிகாரன் பாட்டிலை ஒளித்தான், போலீஸ்காரன் தேடித் தேடிக் குப்புற விழுந்தான். தெரு முழுக்கக் குடிகாரனுக்குக் கைதட்டியது. பாஞ்சாலிக்கு வயிறு எரிந்தது.

அடுத்து படத்தில் அந்தக் குடிகாரன் பாட்டிலை மாவு டப்பாவுக்குள் புதைத்தான். எல்லாரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். பச்சைமுத்து மட்டும் சிரிக்கவில்லை, தலையைக் குனிந்துகொண்டான். இவனுக்காவது உறைத்ததே என்று அவளுக்கு மனசு குளிர்ந்துபோனது. அவனுக்குப் பிடித்த களி கிண்டலாம் என்று படம் முடியும் முன்பே எழுந்து வீட்டுக்குப் போனாள்.

ராகி மாவு டப்பாவில் கையை விட்டாள். மாவுக்கு அடியில் பிராந்தி பாக்கெட்டுகள் தட்டுப்பட்டன. கடை மூடுவதற்கு முன்பே வாங்கிப் பத்திரப்படுத்தியிருக்கிறான்.

பின்னாலேயே ஓடிவந்த பச்சைமுத்து வாசற்படியில் நின்றான்.

"அம்மன் கயிறு கட்டுன கையாலயா இத வச்ச?" என்று ஒரு பாக்கெட்டை எடுத்துக் காட்டிக் கேட்டாள்.

"சேச்சே." வலது கையைத் தூக்கிக் கயிற்றைக் காட்டினான். "கயிறு இதுல இருக்கு. அன்னையிலருந்து வாங்குறது, குடிக்கிறது எல்லாம் இடது கையிலதான். சாமி குத்தம் ஆயிடக்கூடாதுல்ல."

பாஞ்சாலிக்கு ஆத்திரம் தலைக்கேறியது. திட்டத்தான் வாயைத் திறந்தாள், பாழாய்ப்போன சிரிப்பு வந்துவிட்டது. அதைப் பார்த்ததும் அவனுக்குத் தைரியம் வந்தது. பாக்கெட்டுக்காக இடது கையை நீட்டினான்.