பூசணிக்காய் யார் கையில்

டி.வி. சீரியல்களில் பல வருஷம் ஜனங்களைச் சிரிக்க வைத்துவிட்டுப் படம் இயக்க வந்தவள் நான். மர்பி டவுனில் படப்பிடிப்பு. நான் “ஓகே” என்றால் கேமராமேன் எனக்குப் பின்னால் நிற்கும் இணை இயக்குநரைத்தான் பார்ப்பார். சட்டென்று திரும்பினால் இணை இயக்குநர் வானத்தைப் பார்த்துக்கொண்டிருப்பார். நான் எரிந்து விழுந்தாலும், “மேடம் காமெடி பண்றாங்க” என்று யூனிட்டே சிரிக்கும். இவர்கள் யாருடைய படத்தை எடுக்கிறார்கள் என்ற சந்தேகம் என்னை விடவேயில்லை.

கடைசி நாள். பூசணிக்காய் உடைத்தால் படப்பிடிப்பு முடிந்தது. அதற்குப் பிறகு கேமரா ஓடாது. நான் கையை நீட்டினேன்.

“பேடா, வேண்டாம் மேடம், பொம்பளைங்க உடைக்கக் கூடாது” என்று தயாரிப்பாளர் அதை இணை இயக்குநரிடம் கொடுத்தார். அவர் எரியும் கற்பூரத்தோடு தலைக்குமேல் தூக்கினார்.

“இருங்க. இன்னொரு ஷாட் பாக்கியிருக்கு” என்றேன்.

எல்லோரும் சிரித்தார்கள். நான் நாற்காலியில் போய் உட்கார்ந்தேன். கற்பூரம் எரிந்துகொண்டிருந்தது. பூசணிக்காயின் கனத்தில் தூக்கிய கைகள் மெல்லத் தாழ்ந்தன. சிரிப்பு நின்றது.

கேமராமேன் வழக்கம்போல இணை இயக்குநரைப் பார்த்தார். இணை இயக்குநர் என்னைப் பார்த்தார்.

“மேடம், உடைக்கலாமா?”

“லைட்டைப் போடச் சொல்லுங்க” என்றேன்.