நாலு எண்ணும் நேரம்

ஜூலை பன்னிரண்டு, சனிக்கிழமை, மாலை நாலு பத்து. பெய்யலாமா வேண்டாமா என்று மழை யோசித்துக்கொண்டிருந்தது. பாறசாலையிலிருந்து நெய்யாற்றின்கரைக்குப் போகும் பேருந்தில், எனக்கு முன்னால் மூன்றாவது இருக்கைக்காரர் கைபேசியை உரக்க வைத்திருந்தார். முதலில் ஆர்மோனியம் கேட்டது. அது என் ஆர்மோனியம். அடுத்து தாசையனின் குரல். அதன் மேல் ஆயிரம் பேர் சிரிக்கும் சத்தம். ஆயிரம் பேருக்கு எங்கே போவது? அதைப் படம் பிடித்த டீவிக்காரர்களின் அறையில் பதினொரு பேர்தான் இருந்தோம், ஒருவரும் சிரிக்கவில்லை.

கோபத்தில் மூன்று நிறுத்தம் முன்பே இறங்கிவிட்டேன். கோபமாக நடந்தால் முழங்கால் வலிக்காது என்று நினைத்தேன். வலித்தது.

நிறுத்தத்தில் ஏத்தன் வாழைக்குலைகளை இறக்கிக்கொண்டிருந்தார்கள். ஈரச் சாக்கும் வாழைக்கறையும் கலந்த அந்த மணம்தான் தாசையன். கொல்லயில் ஊரில் அவனுக்குக் குலை வியாபாரம். எனக்குப் பள்ளிக்கூடத்தில் கணக்கு வாத்தியார் வேலை. திருவிழாக் காலத்தில் நாங்கள் இரண்டு பேரும் சிரிப்புப் பாட்டுக்காரர்கள். அவன் கஞ்சிரா அடித்துப் பாடுவான். நான் ஆர்மோனியம் வாசிப்பேன், சிரிக்க மாட்டேன். சிரிக்காமல் இருப்பதுதான் என் வேலை. பல்வலி என்று நினைத்து ஓர் அம்மாள் மேடைக்கே கிராம்பு கொடுத்தனுப்பியதும் உண்டு.

மாமியார் வீட்டு விருந்து என்று ஒரு பாட்டு. கோயில் கமிட்டியும் சபைக்காரர்களும் ஒன்றுபோல் கேட்பது அதைத்தான். தாசையன் மருமகன். இலையில் விழுவதையெல்லாம் பக்திப் பாட்டு மாதிரி உருகிப் பாடுவான். “அவியல் உண்டு, தோரன் உண்டு, பப்படம் உண்டு...” ஆர்மோனியம் உச்சிக்குப் போய் நிற்கும். நான் கேட்பேன்: “மீன் உண்டா?”

இங்கேதான் நாலு எண்ண வேண்டும். ஒன்றுக்கு அவன் இலையைப் பார்ப்பான். இரண்டுக்கு என்னைப் பார்ப்பான். மூன்றுக்கு நான் வேறெங்கோ பார்ப்பேன். நாலுக்குள் பெண்கள் பக்கத்தில் யாராவது அடக்க முடியாமல் கிளுக்கென்பாள். அப்போதுதான் அவன் மெல்ல வாய் திறப்பான்: “சாறு உண்டு.”

பாலராமபுரத்தில் ஒரு கல்யாண வீட்டில் நாலை ஏழாக இழுத்தான். எனக்கு வேர்த்துவிட்டது. கூட்டத்திலிருந்து ஒருவர், “எலே, அது எனக்க மாமியாக்கும்!” என்று கத்த, பந்தலே குலுங்கியது. அந்த மாமியும் சிரித்தாள்.

பிறகுதான் டீவியில் கூப்பிட்டார்கள். படம் பிடித்து முடித்ததும் ஒரு பையன் வந்து, “சாரே, அவிடெ ஒரு கேப்பு உண்டு. ஆளுகள் சானல் மாற்றும்” என்றான். நாலையும் வெட்டி எறிந்துவிட்டு எங்கிருந்தோ கொண்டுவந்த சிரிப்பை ஒட்டினார்கள். நான் கேட்கிறேன், அவன் வெடுக்கென்று பதில் சொல்கிறான். பசித்த மருமகன் போய், மாமியாரை ஏசுகிற வாயாடி வந்துவிட்டான். அதைத்தான் ஊரெல்லாம் பார்த்தது.

அது போகட்டும். அடுத்த மேடையில், காட்டாக்கடையில், தாசையன் ஒன்று எண்ணும் முன்னே பதிலைச் சொல்லிவிட்டான். மேடைக்குப் பின்னால் அவனைப் பிடித்துக்கொண்டேன்.

“எலே தாசா, நாலு எங்க போச்சு?”

“அண்ணா, ஆளுவ சத்தம் போடாம இருந்தா எனக்கு பேடியாட்டு உண்டு. டீவியில சட்டுனு சிரிச்சாவ இல்லியா?”

“அது மெசினு சிரிச்சதாக்கும்!”

“ஆருன்னாலும் சிரிச்சாவல்லா” என்றான்.

முப்பத்தொரு வருடம் கூட்டத்தின் மௌனத்தைக் கையில் வைத்து விளையாடியவனை அரைநாள் வேலையில் பயந்தவனாக்கி அனுப்பினார்கள். இதற்கு யாரிடம் போய்ப் புகார் சொல்வது? அதற்குப் பிறகு சாகும்வரை ஒரு மேடையிலும் அவன் நாலு எண்ணவில்லை.

பேருந்திலிருந்து இறங்கிய அன்றே முடிவு செய்தேன், பழைய தாசையனை ஒரு முறையாவது பார்த்துவிடுவது என்று. அந்தப் பாலராமபுரத்துக் கல்யாண வீட்டில் வீடியோ கேசட் பத்திரமாக இருந்தது. மாமி இப்போது உயிரோடு இல்லை, மகள் எடுத்துக் கொடுத்தாள். காட்டாக்கடையில் ஒரு ஸ்டுடியோவில் கொடுத்து, பென் டிரைவில் மாற்றி வாங்கி வந்தேன். கதவைச் சாத்திக்கொண்டு போட்டேன். பந்தல் வந்தது, இலை வந்தது. கறுத்த முடியோடு நான், “மீன் உண்டா?” என்றேன்.

“சாறு உண்டு” என்றான் தாசையன், உடனே.

ஸ்டுடியோவுக்குப் போன் செய்தேன். பையன் உற்சாகமாகச் சொன்னான்: “அதா சார், அந்த எடத்துல சத்தமே இல்லாம கெடந்து. கேசட்டுக்க கேடுன்னு நெனச்சு நானே வெட்டி ஒட்டித் தந்தேன். இப்ப நல்லா இருக்குல்லா?”

“கேசட்டு எங்க மக்கா?”

“ஒரு தடவ ஓடினதும் நாடா அறுந்துபோச்சு சார். குப்பையில போட்டாச்சு.”

பில்லை எடுத்துப் பார்த்தேன். கேசட்டை மாற்றியதற்கு ஆயிரத்து இருநூறு. பென் டிரைவுக்கு நானூறு. சத்தமில்லாத இடத்தைச் சரிசெய்ததற்குத் தனியாக, முந்நூற்று ஐம்பது ரூபாய்.