இரண்டு துடிப்புகளுக்கு நடுவே

குளிர்கால ஒலிம்பிக்கில் கடைசிக்குச் சற்று மேலே வந்தவன் நான். எங்கள் ஊர் ஆலங்குடியில் அதை யாரும் கேட்கவில்லை. போனதே பெரிது என்று பஸ் ஸ்டாண்டில் பிளெக்ஸ் வைத்தார்கள். அதில் என் கையில் ஏகே-47 ஒன்றை ஒட்டியிருந்தார்கள். பனியில் சறுக்கிக்கொண்டு போய், மூச்சிரைக்க நின்று குறிபார்த்துச் சுடுகிற ஆட்டம், ராணுவத்தில் கற்றது என்று விளக்கி விளக்கி வாய் வலித்ததுதான் மிச்சம்.

ஓய்வுக்குப் பிறகு கோச் ஆனேன். இங்கே பனிக்கு எங்கே போவது? ஓடிவந்து ஏர் ரைபிளில் சுடும் போட்டிக்குப் பிள்ளைகளைத் தயார் செய்தேன். ஓடி முடித்ததும் கழுத்தில் விரலை வைத்து, துடிப்பு எப்படி வருகிறதோ அப்படியே மறுகையால் மேசையில் தட்டச் சொல்வேன். இரண்டு துடிப்புக்கு நடுவில்தான் துப்பாக்கி அசையாமல் இருக்கும். அந்த நேரத்தில் சுட வேண்டும்.

என்னிடம் வந்தவர்களில் ஒரு பெண் எல்லோரையும்விட நன்றாகச் சுட்டாள். அவள் அம்மா முந்திரி உடைக்கும் வேலைக்குப் போகிறவர். மாநில அணிக்கான தேர்வுப் போட்டியில் ஜெயித்தால் ஸ்போர்ட்ஸ் கோட்டாவில் காலேஜ் சேர்ந்துவிடலாம் என்று அவள் நம்பியிருந்தாள். தட்டும்போது மட்டும் இரண்டு தட்டி நிறுத்துவாள், பிறகு அவசரமாக மூன்று தட்டுவாள். விளையாடுகிறாள் என்று திட்டினேன். மறுநாளும் அப்படியே தட்டினாள். அவள் கழுத்தில் நானே விரல் வைத்துப் பார்த்தேன்; துடிப்பே அப்படித்தான் வந்தது.

அவள் அம்மாவையும் அழைத்துக்கொண்டு புதுக்கோட்டை ஆஸ்பத்திரிக்குப் போனோம். இதயத் தசை தடித்திருக்கிறது, ஓடினால் எந்த நேரமும் நின்றுவிடலாம் என்றார் டாக்டர். தேர்வுக்கு ஒரு வாரம்தான் இருந்தது. அனுப்ப மாட்டேன் என்று அங்கேயே சொல்லிவிட்டேன்.

திரும்பும் பஸ்ஸில் அம்மா ஜன்னல் பக்கம் திரும்பி அழுதார். அவள் அழவில்லை.

"நீங்க தட்டச் சொல்லாம இருந்திருந்தா நான் ஓடிருப்பேன்ல சார்?"

"உசுரு வேணும்ல ஆத்தா" என்றேன். சொல்லும்போதே என் மேல் எனக்கு ஆத்திரம் வந்தது. ஆசை தீர ஓடி முடித்தவன் அல்லவா நான்?

அதன்பின் அவள் பயிற்சிக்கு வரவில்லை. தேர்வும் முடிந்துபோனது.

போன வாரம் காலையில் அறந்தாங்கி ரோட்டில் வண்டியில் போனேன். தென்னந்தோப்பு ஓரமாக அவள் ஓடிக்கொண்டிருந்தாள். நில்லு நில்லு என்று கத்திக்கொண்டே பின்னால் போனேன். திரும்பிப் பார்த்தவள் வேகத்தைக் கூட்டினாள். நான் துரத்தத் துரத்த இன்னும் வேகமாகத்தான் ஓடுவாள் என்று அப்போதுதான் உறைத்தது. வண்டியை அணைத்துவிட்டு நடுரோட்டில் நின்றேன். அவள் நிற்கவில்லை.