ஊட்டுக்கு ஒரு கையெழுத்து

ஏற்காட்டிலிருந்து மஞ்சக்குட்டைக்குப் போகும் ஷேர் ஜீப்பின் ஸ்டீயரிங் அருகே ரோஸ் நிற உறை போட்ட ஒரு போன் செருகியிருக்கும். உறையின் மேல் மினுக்குப் பட்டாம்பூச்சி. ஓட்டுநருக்கோ முறுக்கு மீசை. நான் ஏற்காட்டில் செய்தியாளராக இருந்தபோது அந்த உறை ஜீப்புக்கு வந்த விதத்தைப் பக்கத்திலிருந்து பார்த்தேன்.

ஓட்டுநருக்குக் காது மந்தம். சேலத்தில் வாங்கிய காதுக் கருவியைப் போனில் உள்ள ஓர் ஆப் மூலம்தான் சரிசெய்ய முடியும். இன்ஜின் இரைச்சலைக் குறைத்தால்தான் மூடுபனியில் எதிரே வரும் வண்டியின் ஹாரன் அவருக்குக் கேட்கும். போனின் மென்பொருள் புதுப்பிக்கப்பட்டால் அந்தப் பழைய ஆப் திறக்காது. பழைய பதிப்புக்குத் திரும்பக் கம்பெனியின் மின்னணுக் கையெழுத்து வேண்டும். புதியது வந்த கொஞ்ச நாளில் கம்பெனி பழையதற்குக் கையெழுத்திடுவதை நிறுத்திவிடும். கிடைக்கும்போதே வாங்கிச் சேமித்தால் அந்த வகைப் போனில் பின்னால் உதவும். ஏற்காட்டுப் போன் கடைக்காரம்மா, ஓட்டுநர் ஒருநாள் கொண்டுவந்து கொடுத்த போனுக்கு அப்படியே சேமித்து வைத்திருந்தார்.

ஒரு மழைக்காலத்தில் போன் தானாகவே புதுப்பித்துக்கொண்டது. ஆப் திறக்கவில்லை. ஜீப் உரிமையாளர் சாவியை வாங்கிக்கொண்டார். ஓட்டுநர் மனைவியோடு கடைக்கு வந்தார். சேமித்த கையெழுத்தை அவருடைய போன் ஏற்கவில்லை.

“ஏனுங்க, அன்னிக்குக் குடுத்தது இந்தப் போன்தானுங்களா?” என்று கடைக்காரம்மா கேட்டார்.

“அது இவளுதுங்க. என்னுது வண்டி ஓட்ட வேணும்னு இவளுதக் குடுத்தேன். ரெண்டும் ஒண்ணா வாங்குனதுதானுங்களே? ரேஷன் கடைல ஒருத்தர் கை வெச்சா ஊட்டுக்கே அரிசி போடறாங்க!”

கையெழுத்து ஒவ்வொரு போனுக்கும் தனி. அவருடைய போனுக்கு இனிக் கிடைக்காது. மனைவியின் போனும் புதுப்பிக்கப்பட்டிருந்தது, ஆனால் சேமித்த கையெழுத்தால் அதைப் பழைய பதிப்புக்குத் திருப்ப முடியும். திருப்பினால் உள்ளே இருப்பதெல்லாம் அழிந்துவிடும் என்றார் கடைக்காரம்மா.

மனைவி போனில் இருந்த படங்களைச் சற்று நேரம் தள்ளித் தள்ளிப் பார்த்தார். மகளின் வளைகாப்புப் படங்களை மட்டும் கணினியில் எடுத்துவைக்கச் சொன்னார்.

“அழிச்சுடுங்க. இந்த மனுசன் ஊட்டுல உக்காந்து கத்துற கத்துக்கு எங்காதும் நொம்ப நாள் தாங்காதுங்க.”

வேலை முடிந்ததும் போனைக் கணவரிடம் நீட்டினார். “உறையக் கழட்டுனீங்க, திருப்பி வாங்கிக்குவேன்.”

சென்ற மாதம் அதே ஜீப்பில் போனேன். பட்டாம்பூச்சியின் ஒரு சிறகில்தான் மினுக்கு மிச்சமிருந்தது.

“என்னண்ணே, அக்கா போனா?” என்றார் பின்னாலிருந்து ஒருவர்.

“போனு அவளுது. காது என்னுது.”

அடுத்த வளைவு மூடுபனியில் மறைந்திருந்தது. எனக்கு எதுவும் கேட்கவில்லை. அவர் ஜீப்பை இடப்பக்கம் ஒதுக்கி நிறுத்தினார். சற்றுப் பின்னர்தான் பஸ்ஸின் விளக்குகள் தெரிந்தன.